மலைக் கவுண்டரும் தர்காக் கொடியும்

(பெரம்பலூர், அரியலூர் வட்டாரத்து விவசாயத் தொழிலாளர், ஆலைத் தொழிலாளர் மத்தியில் ஆற்றிய உரை)



பெரம்பலூருக்கு மேற்கே பச்சைமலை நிற்கிறது. வடக்கே வெள்ளாறு ஓடுகிறது. மலையில் மலையாளிகள் என்ற பழங்குடி மக்கள் வாழ்கிறார்கள். ஆற்றங்கரையில், லெப்பைக்குடிக்காட்டில், முஸ்லிம் மக்கள் பெருவாரியாக வாழ்கிறார்கள். இடைப்பட்ட காட்டில் மக்காச்சோளமும் பருத்தியும் சின்ன வெங்காயமும் விளைவிக்கும் நாம் இருக்கிறோம். இந்த மூன்று கூட்டத்தாரும் சாமி கும்பிடுகிற விதம் ஏன் மாறி வருகிறது என்பதைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறோம்.

"சங்கக் கூட்டத்தில் சாமிக்கு என்ன வேலை?" என்று சில தோழர்கள் முணுமுணுப்பது காதில் விழுகிறது. கூலி கேட்கும்போது ஒரே வரிசையில் நிற்கிற ஜனங்கள், திருவிழா வந்ததும் இரண்டு வரிசையாகப் பிரிந்து நிற்கிறார்களே, அதற்காகத்தான்.

முதலில் மலைக்குப் போவோம். மலையாளி என்றதும் கேரளத்து ஆள் என்று எண்ண வேண்டாம். அவர்கள் பேசுவது தமிழ்தான். காஞ்சிபுரத்திலிருந்து மூன்று சகோதரர்கள் புறப்பட்டு வந்தார்கள், ஒருவன் சேர்வராயன் மலையையும் ஒருவன் கொல்லிமலையையும் கடைசித் தம்பி பச்சைமலையையும் பிடித்துக் கொண்டான் என்பது அவர்கள் வழிவழியாகச் சொல்லும் கதை. கதை நடந்ததோ இல்லையோ, "நாங்கள் யாருக்கும் அடிமையாகப் பிறந்தவர்கள் அல்ல" என்ற எண்ணம் அதில் இருக்கிறது. மலையை வண்ணாடு, தென்பரநாடு என்று நாடு நாடாகப் பிரித்துக் கொண்டார்கள். ஊருக்கு ஒரு கவுண்டர், பல ஊருக்குப் பெரிய பஞ்சாயத்து. திருட்டானாலும் எல்லைத் தகராறானாலும் சாமி முன்னால் சத்தியம் செய்ய வேண்டும். போலீஸ் இல்லாத இடத்தில் சாமிதான் போலீஸ்.

பிறகு வெள்ளைக்காரன் 1882ல் சென்னை வனச் சட்டத்தைக் கொண்டு வந்தான். நேற்று வரை தன் காடாக இருந்ததில் விறகு ஒடித்தவன் மறுநாள் திருடன் ஆனான். ஊர்க் கவுண்டர் இருக்கத்தான் செய்தார். ஆனால் அவர் தீர்ப்பு வனக்காவலரிடம் செல்லாது. காட்டு உரிமையை ஒப்புக்கொள்ளும் சட்டம் 2006ல்தான் வந்தது.

இனிச் சமவெளிக்கு இறங்குவோம். ரஞ்சன்குடிக் கோட்டையைப் பார்க்காதவர் இங்கே இருக்க மாட்டீர்கள். 1751ல் அந்தப் பக்கத்தில் பெரிய சண்டை நடந்தது. ஒரு பக்கம் சந்தா சாகிப், அவருக்குத் துணை பிரெஞ்சுக்காரர்கள். மறுபக்கம் முகமது அலி, அவருக்குத் துணை ஆங்கிலேயர். இரண்டு நவாபும் முஸ்லிம்கள். துணைக்கு வந்த இரண்டு கூட்டமும் கிறிஸ்தவர்கள். மதத்துக்காக நடந்த சண்டையா இது? ஆற்காட்டு நவாப் பட்டத்துக்காகவும் அதனோடு கிடைக்கும் வரிப்பணத்துக்காகவும் நடந்தது. ஆங்கிலேயப் படை பின்வாங்கித் திருச்சிக்குப் போய்ச் சேர்ந்தது. வரி கட்டிய குடியானவனுக்கு எவன் வென்றாலும் ஒன்றுதான்.

நவாபின் மதம் ஒன்று, ஜனங்களின் மதம் வேறொன்று. திருச்சி நத்தர்வலி தர்காவுக்கு யார் போகிறார்கள்? நாகூர்க் கந்தூரிக்கு யார் போகிறார்கள்? எல்லோரும்தான் போகிறோம். நாகூரில் 131 அடி உயரமுள்ள பெரிய மினாராவைக் கட்டிக் கொடுத்தவர் தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப சிங். தஞ்சைப் பக்கம் காசவளநாடு புதூரில் இந்துக்களே விரதமிருந்து, பஞ்சா தூக்கி, தீமிதித்து மொகரம் கொண்டாடுகிறார்கள். அவர்களுக்கு அது அல்லாசாமி பண்டிகை. தென்னாற்காட்டுப் பக்கம் திரௌபதி அம்மனுக்குக் காவல் நிற்பவர் முத்தால் ராவுத்தர் என்ற முஸ்லிம் வீரர். எந்த மௌலவியும் எந்த குருக்களும் கூடி உட்கார்ந்து செய்த ஏற்பாடல்ல இது. ஒரே ஏரித் தண்ணீரில் பாய்ச்சல் செய்கிற ஜனங்கள் தாங்களாகச் செய்துகொண்டது.

தர்காவுக்குப் போகும் கூட்டத்தைக் கவனியுங்கள். பெண்களே மிகுதி. சந்தனக்கூடு பார்க்கவும், நேர்ச்சைக்கும், குழந்தைக்குத் தண்ணீர் ஓதி வாங்கவும் வருகிறார்கள். நம் ஊர்ப் பள்ளிவாசல்கள் பலவற்றில் பெண்கள் தொழ இடம் கிடையாது. நம் கோயில்களிலோ, சேரிப் பெண்ணை வாசலோடு நிறுத்திய காலம் உண்டு. தர்காவில் யாரும் சாதி கேட்பதில்லை. வீட்டில் வாய் திறக்க முடியாத பெண் அந்தச் சமாதியின் முன்னால் உட்கார்ந்து மனம் விட்டு அழுது விட்டு வருகிறாள். இதை மூடநம்பிக்கை என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுகிற தோழர், அவள் அழுவதற்கு வேறு இடம் எங்கே இருக்கிறது என்று சொல்லட்டும்.

ஆனால் இதன் மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். 2001 ஆகஸ்ட் 6ந் தேதி ராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில் தர்காவை ஒட்டி நடத்தப்பட்ட மனநோயாளிகள் விடுதி ஒன்று தீப்பற்றியது. 28 பேர் மாண்டார்கள். ஓட முடியவில்லை, அவர்களைச் சங்கிலியால் கட்டிப் போட்டிருந்தார்கள். குணமாகும் என்று நம்பி ஏழைக் குடும்பங்கள் கொண்டுவந்து விட்ட பிள்ளைகள் அவர்கள். சர்க்கார் ஆஸ்பத்திரியில் அவர்களுக்கு ஒழுங்கான இடமிருந்தால் அந்தச் சங்கிலிக்கு வேலை இருந்திருக்குமா?

இப்படி ஒரு மதம் தமிழ்நாட்டில் மட்டும்தானா? இல்லை. வட ஆப்பிரிக்காவில், மொராக்கோ, அல்ஜீரியா நாடுகளில், பெர்பர் என்ற மக்கள் இருக்கிறார்கள். தங்களை அமாசிக் என்று சொல்லிக் கொள்வார்கள். அவர்களும் குலம் குலமாக வாழ்ந்த மலை ஜனங்கள், முஸ்லிம்கள். அவர்களுடைய ஊர்ச் சபைக்குப் பெயர் ஜமாஆ. நம் ஊர் ஜமாஅத்தும் அதே அரபுச் சொல்தான்.

எர்னஸ்ட் கெல்னர் என்ற அறிஞர் 1950களில் மொராக்கோவின் அட்லஸ் மலைக்குப் போய் ஆராய்ந்து, 1969ல் ஒரு நூல் வெளியிட்டார். அவர் கண்ட ஒரு வழக்கத்தைச் சங்கக்காரர்கள் கேட்க வேண்டும். ஆண்டுதோறும் குலத்தலைவரைத் தேர்ந்தெடுப்பார்கள். இந்த ஆண்டு எந்தப் பிரிவிலிருந்து தலைவர் வர வேண்டுமோ, அந்தப் பிரிவுக்காரர்களுக்கு ஓட்டுக் கிடையாது! மற்றப் பிரிவுக்காரர்கள்தான் தேர்ந்தெடுப்பார்கள். பதவியை ஒரே வீட்டில் பூட்டி வைக்க விடாத ஏற்பாடு. இந்தத் தேர்தல் ஒழுங்காக நடக்கப் பார்த்துக் கொள்பவர்கள் அவுலியா வம்சத்தார். ஆயுதம் எடுக்காதவர்கள், இரண்டு குலத்தின் மேய்ச்சல் நிலமும் சந்திக்கிற எல்லையில் குடியிருப்பவர்கள். ஆட்டுத் தகராறு வந்தால், குற்றம் சாட்டப்பட்டவன் தன் உறவினரோடு சமாதிக்கு வந்து சத்தியம் செய்ய வேண்டும். நம் பச்சைமலைச் சத்தியமேதான்!

அந்த அவுலியாக்கள் எல்லோரும் ஏழைபங்காளர்கள் என்று எண்ணிவிட வேண்டாம். ரீப் மலையில் அப்துல் கரீம் 1921ல் ஸ்பானியப் படையை முறியடித்துக் குடியரசு கண்டார். குலங்களுக்கிடையே பழிக்குப் பழி கொல்லும் வழக்கத்தை ஒடுக்கினார். பிரான்சும் அவர் மேல் பாய்ந்தது. சில மடத்துத் தலைவர்கள் பிரெஞ்சுக்காரன் பக்கம் சாய்ந்தார்கள். ஆனால் பிரான்சின் தொழிலாளர்கள் 1925 அக்டோபர் 12ந் தேதி, கம்யூனிஸ்டுகளின் அழைப்பை ஏற்று, அந்தப் போரை எதிர்த்து ஒரு நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அப்துல் கரீம் 1926ல் சரணடைந்தார். 1930ல் ஏகாதிபத்தியம் வேறொரு தந்திரம் செய்தது: பெர்பருக்குத் தனிக் கோர்ட், அரபிக்குத் தனிக் கோர்ட் என்று உத்தரவு போட்டது. பிரிந்தார்களா? பள்ளிவாசல்களில் சேர்ந்து நின்று எதிர்த்தார்கள். இன்றைக்கு மொராக்கோவின் 2011 அரசியல் சட்டத்தில் அமாசிக் மொழிக்கும் ஆட்சிமொழி இடம் உண்டு.

அந்த மலையைத் துப்பாக்கியைவிட அதிகமாக மாற்றியது கூலி. 1960களிலும் 70களிலும் பிரெஞ்சு நிலக்கரிச் சுரங்கங்களுக்கு ஆள் பிடிக்க ஒரு அதிகாரி தென் மொராக்கோவின் கிராமங்களுக்கு வந்தார். வாலிபர்களைச் சட்டையைக் கழற்றி வரிசையில் நிறுத்தினார். தேறியவன் மார்பில் பச்சை முத்திரை, தேறாதவன் மார்பில் சிவப்பு முத்திரை. சந்தையில் மாட்டுக்குப் போடுவதைப் போல! அப்படிப் போனவர்கள் 1987ல், பிரெஞ்சுத் தொழிலாளிக்கு உள்ள உரிமை தங்களுக்கும் வேண்டும் என்று வேலைநிறுத்தம் செய்தார்கள். பட்டணத்துக்குப் போனவனுக்கு எல்லைத் தகராறு தீர்க்கும் அவுலியா தேவைப்படவில்லை. அவன் சமாதியை விட்டு நூலைப் பிடித்தான்.

லெப்பைக்குடிக்காட்டு வாலிபர்கள் வளைகுடாவுக்குப் போனதிலிருந்து இங்கும் அதுதான் நடக்கிறது. திரும்பி வருகிறவர்களில் சிலர், தர்காவுக்குப் போவது பாவம் என்கிறார்கள். இந்துக்கள் பக்கமும் இதே கதை. 2003ல் கோயில்களில் ஆடு, கோழி பலி கூடாதென்று தமிழக சர்க்கார் தடை போட்டதே, யாருடைய சாமிக்கு? பெருமாளுக்கா? நம் முனியப்பனுக்கும் கருப்பனுக்கும்தான். 2004ல் அந்தச் சட்டத்தையே ரத்து செய்ய வேண்டி வந்தது. 2025ல் திருப்பரங்குன்றத்து சிக்கந்தர் தர்காவில் ஆடு பலியிடுவதை வைத்துத் தகராறு கிளம்பி, மதுரையில் தடையுத்தரவு போடும் அளவுக்குப் போயிற்று. இரண்டு பக்கத்துச் சுத்தக்காரர்களுக்கும் ஏழையின் ஆட்டுக்கறிதான் கண்ணை உறுத்துகிறது!

நம் மாவட்டத்து வி.களத்தூரை எல்லோரும் அறிவீர்கள். 2011 வரை கோயில் ஊர்வலம் எல்லாத் தெருவிலும் போனது, 2012லிருந்து ஆட்சேபணை வந்தது என்று வழக்கில் சொல்லப்பட்டது. ஒரு தெருவில் ஒரு மதத்தார் அதிகம் என்பதற்காக மற்றவர் ஊர்வலத்தைத் தடுக்க முடியாது என்று 2021ல் சென்னை உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தீர்ப்பு சரியானது, தெரு பொதுவானது. ஆனால் போலீஸ் காவலோடு போகிற சாமியைப் பார்த்து, வீட்டுக்குள்ளிருந்து யார் கையெடுத்துக் கும்பிடுவார்கள்? மலைக் கவுண்டரும் அட்லஸ் அவுலியாவும் செய்த வேலை, அதாவது இரண்டு பக்கத்தையும் ஓரிடத்தில் உட்கார வைத்துப் பேச வைக்கிற வேலை, இன்று செய்ய ஆளில்லாமல் கிடக்கிறது. காலியாகக் கிடக்கும் அந்த இடத்தில் கலகக்காரன் வந்து உட்காரப் பார்க்கிறான்.

வெங்காயம் அறுக்கிற வயலில் இரண்டு தெருப் பெண்களும் ஒன்றாகத்தான் குனிந்து நிற்கிறார்கள். அவர்களில் தெருவுக்கு இரண்டு பேராக அழைத்து, அடுத்த கந்தூரிக்கும் அடுத்த திருவிழாவுக்கும் முன்பே ஒருமுறை உட்கார்ந்து பேச வேண்டும். எந்த ஊரில் முதலில் தொடங்குவது, யார் யார் போவது என்பதை இங்கிருக்கும் தாய்மார்களே முதலில் சொல்லட்டும்.