அந்த டிஎல்எல் எங்கிருந்து வந்தது?

செல்பேசியிலே ஒரு செயலியை இறக்கினா, அதுக்கு வேண்டியதெல்லாம் பெரும்பாலும் ஒரே பொட்டலமா வந்துடும். கணினியில் ஓடும் வரைபட மென்பொருள் அப்படி இல்லை. 2002-ல் கேரி ஷெர்மன் தொடங்கிய க்யூஜிஐஎஸ் என்ற இலவச மென்பொருளையே எடுத்துக்குங்க. அதில் கூடுதல் வேலைகளைச் செய்வது செருகுநிரல்கள். பல பைத்தானில் எழுதியவை. சில, விண்டோஸில் டிஎல்எல், லினக்ஸில் எஸ்ஓ என்று முடியும் நூலகக் கோப்புகள். ஈசிடபிள்யூ வடிவில் உள்ள வான்படத்தைத் திறக்க அப்படியொரு கோப்பு வேணும். இல்லேன்னா படம் வராது.

இங்கேதான் அவசரப்படுறோம். கோப்பின் பெயரைத் தேடி, யாரோ ஏற்றி வச்ச டிஎல்எல்-ஐ இறக்கிப் போட்டுடறோம். பதிப்பு பொருந்தலேன்னா அது வேலை செய்யாது, அதோட போச்சு. பொருந்திட்டா? அதுதான் பயம். உங்க கணக்கில் நீங்க செய்யக்கூடியதை எல்லாம் அந்தக் கோப்பும் செய்யலாம். மென்பொருள் அதுக்குத் தனி வேலி போடுறதில்லை. செல்பேசியிலிருந்து மாற்றி வச்ச பட்டா நகல், ஆதார் ஸ்கேன், பிரவுசரில் சேமிச்ச கடவுச்சொல் எல்லாம் அதே கணினியில்தானே இருக்கு!

பைத்தான் செருகுநிரலை க்யூஜிஐஎஸ்-இன் 'பிளகின்ஸ்' மெனுவுக்குள்ளேயே தேடுங்க. விண்டோஸில் ஈசிடபிள்யூ கோப்புக்கு, ஓஎஸ்ஜியோ4டபிள்யூ நிறுவியை மறுபடி ஓட்டி அதற்கான பொதியைத் தேர்வு செய்யுங்க. பிரவுசிங் சென்டர் கணினின்னா, கடைக்காரரைக் கேட்காம எதையும் நிறுவாதீங்க.