கண்ணாடியில் கண்ட முகம்



அச்சம் என்னும் மெய்ப்பாட்டிற்கு நான்கு நிலைக்களன்களை வகுத்தார் தொல்காப்பியர். அணங்கு, விலங்கு, கள்வர், இறை ஆகிய அந்நான்கும் அஞ்சுவோனுக்குப் புறத்தே நிற்பவை. அஞ்சுவோனின் முகமே அஞ்சத்தக்க பொருளாகிவிட்டால் அவன் எங்கே ஓடி ஒளிவான்? இவ்வினாவைத் தொட்ட படைப்பொன்று 1958-இல் ஹாலிவுட்டில் உருவாயிற்று. தனித்தனித் திகிற்கதைகளாக வரவிருந்த தொலைக்காட்சித் தொடர் ஒன்றின் முன்னோட்டப் பகுதி அது. பெயர் 'டேல்ஸ் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்'. அப்பகுதியோடு தொடரும் நின்றுபோயிற்று.

பிணங்களின் உறுப்புகளை இணைத்து உயிரூட்டும் ஃபிராங்கன்ஸ்டைனை மேரி ஷெல்லி தம் 1818-ஆம் ஆண்டுப் புதினத்தில் படைத்தார். இங்கிலாந்தின் ஹாமர் நிறுவனம் 1957-இல் அக்கதையை வண்ணப்படமாக்கிப் பெருவெற்றி கண்டது. அதே ஆண்டில் கொலம்பியாவின் தொலைக்காட்சிப் பிரிவான ஸ்கிரீன் ஜெம்ஸ், யூனிவர்சலின் பழைய திகில், மர்மப் படங்கள் 52-ஐத் தொகுத்துத் தொலைக்காட்சி நிலையங்களுக்கு வழங்கியது. புதுமையால் வென்றவரும் பழமையால் பயன்பெற்றவரும் கைகோத்த முயற்சியே இம்முன்னோட்டம்.

பழமையே ஓங்கிற்று. இயக்கியவர், யூனிவர்சலின் 'தி உல்ஃப் மேன்' (1941) படத்திற்குக் கதை எழுதிய கர்ட் சியோட்மாக். படம் கறுப்பு வெள்ளை. டான் மெகோவன் ஏற்ற படைப்புயிரின் தோற்றம், 1931-இல் போரிஸ் கார்லாஃப் தாங்கிய வேடத்தையே நினைவூட்டியது. ஆன்டன் டிஃப்ரிங் ஃபிராங்கன்ஸ்டைனாக நடித்தார்.

தீரா நோயுற்ற கணவனைக் காக்க வேண்டி ஒரு பெண் ஃபிராங்கன்ஸ்டைனை நாடி வருகிறாள். கணவன் இறக்கிறான். அவனது மூளை படைப்புயிரின் தலைக்குள் வைக்கப்படுகிறது. அவ்வுயிர் கண்ணாடியில் தன் முகத்தைக் கண்டு நடுங்குகிறது. உள்ளே இருப்பவன் அன்புடைய கணவன். எதிரே தெரிவதோ யாரோ ஒருவனின் கொடிய உருவம். கதையின் உயிர்நிலை இக்காட்சியே. ஆயின் அரைமணிக் கதையின் விரைவு அந்த நடுக்கத்தில் நிலைத்து நிற்க இடந்தரவில்லை.

அதே 1958-இல் ஹாமர் தன் மண்ணில் 'தி ரிவெஞ்ச் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' படத்தை எடுத்தது. அதிலும் ஒருவனது மூளை வேற்றுடலில் வைக்கப்படுகிறது. டெரன்ஸ் ஃபிஷரின் இயக்கமும் பீட்டர் குஷிங்கின் நடிப்பும் ஒரே நோக்கில் இயங்கியதால் அப்படம் வாழ்ந்தது. கருப்பொருள் ஒன்றாயிருந்தும் விளைவு வேறாயிற்று. முன்னோட்டத்தை வீழ்த்தியது கதையின் வறுமையன்று. ஒருவர் மூளைக்கு மற்றொருவர் உடலைப் பொருத்திய கூட்டுறவே. தான் சொல்ல வந்த கதைக்குத் தானே சான்றாயிற்று அப்படைப்பு.

பின்னர் 1968-இலும் 1980-இலும் ஹாமர் திகிற்கதைத் தொடர்களைத் தொலைக்காட்சிக்கு அளித்தது. தோற்ற முயற்சி வழியை அடைத்துவிடவில்லை. பிறர் முகத்தை அணிந்து வரும் படைப்பு, கண்ணாடிமுன் நிற்கும்போது தன்னையே அஞ்சும் என்பதே அம்முன்னோட்டம் விட்டுச்சென்ற பாடம். எழுதுகோல் ஏந்துவோர்க்கும் அது பொருந்தும்.