ஆசனமும் ஆணையும்

(குச்சவெளிப் பொதுக்கூட்டமொன்றில் ஆற்றிய உரை)

 

2024 யூன் 30ஆம் நாள் மறைந்த இராஜவரோதயம் சம்பந்தன் அவர்களின் பாராளுமன்ற வாழ்வைப் பற்றிப் பேசுமாறு நம்மைப் பணித்தீர்கள். புகழ்மாலை சூட்டுதல் எளிது. அவ்வாழ்வு நமக்கு விட்டுச் சென்ற பாடத்தை ஆராய்வதே நம் கடமையாகும்.

1977ஆம் ஆண்டுத் தேர்தலில் திருகோணமலைத் தொகுதி அவரைத் தெரிந்தனுப்பியது. தமிழர் விடுதலைக் கூட்டணி அன்று கேட்டதும், மக்கள் வழங்கியதும் தனிநாட்டுக்கான ஆணை. 1983 யூலையில் தமிழர் குருதி சிந்தினர். அடுத்த மாதமே ஆறாம் திருத்தம் நிறைவேறியது. பிரிவினையை ஆதரியேன் எனச் சத்தியம் செய்யாதவர்க்கு ஆசனமில்லை என்றது அச்சட்டம். பெற்ற ஆணைக்கு மாறாகச் சத்தியம் செய்வதெங்ஙனம்? அதற்கு முன்பிருந்தே சபைக்குச் செல்லாதிருந்த கூட்டணியினர் மீண்டும் செல்லவில்லை. மூன்று மாதம் சமுகமளியாமையால் 1983 செப்டெம்பர் 7இல் அவரது ஆசனம் பறிபோயிற்று. மீண்டும் சபையேறப் பதினான்கு ஆண்டுகள் சென்றன. 1997 யூலை 5இல் தங்கத்துரை அவர்கள் கொலையுண்ட பின்னரே அவ்வெற்றிடம் அவரை அடைந்தது.

அன்று மறுத்த சத்தியத்தைப் பின்னர் ஏன் செய்தார் என வினவுவோர் உளர். நியாயமான வினாவே. ஆனால் அப்போது கூட்டணி நாடிநின்றது அதிகாரப் பகிர்வை. கோரிக்கை மாறியது, ஆதலின் சத்தியம் தடையாகவில்லை. அம்மாற்றம் சரியா, தவறா என வாதிடலாம். அது மறைவில் நிகழ்ந்ததன்று.

2015 செப்டெம்பரில், அமிர்தலிங்கம் அவர்களுக்குப்பின் எதிர்க்கட்சித் தலைவரான தமிழர் அவரே. 2018 நவம்பர் 9இல் சனாதிபதி பாராளுமன்றத்தைக் கலைத்தார். நாலரை ஆண்டு நிறையவில்லை. மூன்றிலிரண்டு உறுப்பினரின் தீர்மானமும் இல்லை. சம்பந்தன் அவர்கள் உயர் நீதிமன்றம் சென்றார். டிசெம்பர் 13இல் நீதியரசர் எழுவரும் ஒருமனதாகக் கலைப்புச் செல்லாதெனத் தீர்த்தனர். ஐந்தாம் நாள் சபாநாயகர் மகிந்த ராஜபக்ச அவர்களை எதிர்க்கட்சித் தலைவராக அறிவித்தார். பாராளுமன்றத்தைக் காத்தவர் பதவியை இழந்தார்!

அவர் காத்த பாராளுமன்றம் நமக்கு அளித்ததென்ன? 2016 மார்ச்சில் அரசியலமைப்புப் பேரவை அமைத்தனர். புதிய அரசியலமைப்பு வரவில்லை. 2017 செப்டெம்பரில் கிழக்கு மாகாண சபையின் காலம் முடிந்தது. அவர் கண்மூடும்வரை அதற்குத் தேர்தல் நடக்கவில்லை. காணியதிகாரம் பதின்மூன்றாம் திருத்தத்தின் ஏட்டில் உளது. திரியாய் உழவனின் வயலுக்கு அது வந்து சேரவில்லை.

பெருமக்களே! கரைவலை இழுக்கும் உங்களுக்கு நாம் சொல்ல வேண்டியதில்லை. இருபுறக் கயிற்றையும் ஒருசேர இழுத்தாலன்றி மீன் கரைசேராது. ஒருகயிறு உறுப்பினர் கையில். மற்றது உங்கள் கையில். வாக்களித்தபின் உங்கள் கயிற்றை நழுவவிடாதீர்கள். வாக்குக் கேட்டு வருபவரிடம், என்ன ஆணை கேட்கிறீர், அதற்காக ஆசனத்தையும் இழக்கத் துணிவீரா என்று கேளுங்கள். ஆண்டுதோறும் இவ்வூருக்கு வந்து கணக்குரைக்கச் சொல்லுங்கள். ஆசனம் நம் ஆணையைச் சுமக்கும் கருவி; ஆணையை விற்று வாங்கும் பொருளன்று.