படமும் படிப்பும் சேர்ந்தால் கடல் பிழைக்கும்

(பரிசளிப்பு விழாவில் ஆசிரியை ஒருவர் ஆற்றிய உரை)

 

"தோட்டத்துல இருக்குற நமக்குக் கடலைப் பத்தி என்னா டீச்சர் பேச்சு?" என்று சிலர் கேட்கலாம். நம் லயத்துக்குப் பின்னால் ஓடும் ஆற்றில் வீசுகிற பிளாஸ்டிக் பை கடைசியில் போய்ச் சேரும் இடம் கடல்தானே ஐயா!

சபா மாநிலத்தில் சிப்பாடான் என்று ஒரு சின்னத் தீவு. கடல் தரையிலிருந்து ஏறத்தாழ 600 மீட்டர் எழும்பி நிற்கிறது. அங்கே கடலுக்கடியில் ஒரு குகை. உள்ளே ஆமைகளின் எலும்புகள் கிடக்கின்றன. சாகும் காலத்தில் ஆமைகள் தாமாகவே அங்குப் போய்ச் சேரும் என்று ஒரு கதை உண்டு. உண்மை வேறு. கடலில் வாழ்ந்தாலும் ஆமைக்கு மீனைப் போலச் செவுள் கிடையாது. நம்மைப் போல நுரையீரல்தான். மேலே வந்து மூச்சு விட்டாக வேண்டும். இருட்டில் வழி தவறி, மூச்சு முட்டி இறந்தவை அவை. இதைச் சொல்வது உயிரியல் படிப்பு.

பிரான்சு நாட்டு ஜாக் கூஸ்தோ, 1943இல் ஒரு பொறியாளருடன் சேர்ந்து நீருக்கடியில் மூச்சுவிடும் கருவியை உருவாக்கியவர். 1989இல் வெளிவந்த அவருடைய படம் சிப்பாடானை உலகத்துக்கே காட்டியது. பிறகு என்ன நடந்தது? முக்குளிப்போர் குவிந்தார்கள்; தீவில் தங்கும் விடுதிகள் பெருகின. பவளப் பாறை தாங்குமா? 2004ஆம் ஆண்டு முடிவுக்குள் விடுதிகளைத் தீவிலிருந்து அரசாங்கம் அகற்றியது. ஒரு நாளைக்கு இத்தனை பேர்தான் முக்குளிக்கலாம் என்ற கட்டுப்பாடும் வந்தது. ஆக, படம் மட்டும் இருந்தால் கூட்டம்தான் சேரும். எவ்வளவு கூட்டத்தைக் கடல் தாங்கும் என்று சொல்லப் படித்தவர் வேண்டும்.

இரண்டையும் ஒருவரே கற்க முடியுமா? முடியும். ஆஸ்திரியாக்காரர் ஹான்ஸ் ஹாஸ் முதலில் சட்டம் படிக்கப் போனார். அதை விட்டுவிட்டு விலங்கியல் படித்து டாக்டர் பட்டம் பெற்றார். செங்கடலுக்குள் அவர் எடுத்த படம் 1951இல் வெனிஸ் திரைப்பட விழாவில் பரிசு வாங்கியது.

பெற்றோர்களே! பிள்ளை படம் வரைந்தாலோ, படம் பிடித்தாலோ, "படிக்கிற வயசுல இது எதுக்கு?" என்று அதட்டாதீர்கள். அதுவும் ஒரு படிப்புக்குத் துணையாகும்.

மாணவர்களே! அப்பாவின் கைப்பேசியை வாரம் ஒரு தடவை கேட்டு வாங்குங்கள். பெரியவர் துணையோடு, தண்ணீரில் இறங்காமல், கரையில் ஒரே இடத்தில் நின்று ஆற்றைப் படம் எடுங்கள். தேதி, நீரின் நிறம், கண்ட உயிர்கள் எல்லாவற்றையும் நோட்டில் எழுதுங்கள். படம் "பார்" என்று சொல்லும். படிப்பு "ஏன்" என்று சொல்லும். இரண்டும் கையில் இருந்தால், "எங்கள் ஆற்றில் குப்பை போடாதீர்கள்" என்று பெரியவர்களிடமே நீங்கள் துணிந்து கேட்கலாம்.