டக்கியின் குரல்: ஜூடித் பார்சி

குழந்தை மேல நடந்த வன்முறை பத்தி இந்த எபிசோட்ல நிறைய வரும். இப்ப கேட்க முடியாதுன்னு தோணினா, தயவுசெஞ்சு வேற எபிசோடுக்குப் போயிடுங்க.

‘தி லேண்ட் பிஃபோர் டைம்’ பார்த்திருக்கீங்களா? 1988 நவம்பர்ல வந்த டைனோசர் கார்ட்டூன் படம். அதுல டக்கின்னு ஒரு குட்டி, எதுக்கெடுத்தாலும் ‘யெப், யெப், யெப்’னு சொல்லும். அந்தக் குரல் ஜூடித் பார்சியோடது. படம் தியேட்டருக்கு வந்தப்ப ஜூடித் இறந்து நாலு மாசம் ஆகப் போகுது. பத்து வயசுதான்.

1978-ல் லாஸ் ஏஞ்சல்ஸில் பிறந்தவள். அப்பா யோஷெஃப், அம்மா மரியா ரெண்டு பேருமே ஹங்கேரியிலிருந்து வந்து குடியேறினவங்க. அஞ்சு வயசுல ஸ்கேட்டிங் பண்ற இடத்துல விளம்பரப் பட ஆட்கள் கண்ணுல பட்டாள். அப்புறம் எழுபதுக்கும் மேல விளம்பரங்கள், டிவி தொடர்கள், 1987-ல் ‘ஜாஸ்’ வரிசையின் நாலாவது படம். பத்து வயசிலும் உயரம் 3 அடி 8 அங்குலம்தான். ஆறு வயசுக் குழந்தை மாதிரி இருப்பாள், ஆனா வசனத்தை பத்து வயசுப் பிள்ளையா மனப்பாடம் பண்ணுவாள். அதுதான் அவளோட மார்க்கெட். வருஷத்துக்குச் சுமார் ஒரு லட்சம் டாலர் சம்பாதிச்சாள். கனோகா பார்க்கில் அந்தக் குடும்பம் வாங்கின மூணு பெட்ரூம் வீடு அவளோட காசுதான்.

முதல் வேடம் 1984-ல், ‘ஃபேட்டல் விஷன்’ டிவி தொடர்ல. மனைவியையும் ரெண்டு மகள்களையும் கொன்றதாகத் தண்டிக்கப்பட்ட ஒரு டாக்டரோட உண்மைக் கதை. அதுல ஒரு மகள், ஜூடித். இதைச் சொன்னதும் ‘விதி’ன்னு ஆரம்பிப்பாங்க. எனக்கு அந்தப் பேச்சு சுத்தமா பிடிக்காது. விதின்னு சொல்லிட்டா, யார் எப்ப என்ன பண்ணாங்கன்னு பார்க்க வேண்டியதில்லையே.

பார்ப்போம். யோஷெஃப் குடிகாரர். மகளோட புகழ் ஏற ஏற அடியும் மிரட்டலும் ஏறுச்சு. 1986 டிசம்பர்ல மரியா போலீஸ்ல புகார் கொடுத்தாங்க. உடம்புல காயம் எதுவும் தெரியலைன்னு போலீஸ் சொன்னதும், மரியா வழக்கு வேண்டாம்னு விட்டுட்டாங்க. ‘ஜாஸ்’ படப்பிடிப்புக்கு பஹாமாஸ் கிளம்பறப்ப, திரும்பி வரலைன்னா கழுத்தை அறுத்துடுவேன்னு கத்தியோட மிரட்டியிருக்கார்.

1988 மே மாசம் ஒரு பாட்டு ஆடிஷனுக்கு முன்னாடி, தன் ஏஜென்ட் கண்ணெதிர்லயே ஜூடித் உடைஞ்சு அழுதாள். தன் இமை முடியையே பிடுங்கிப் போட்டிருந்தாள். ஏஜென்ட் சொல்லி, மனநல நிபுணர் பார்த்து, விஷயம் குழந்தைகள் பாதுகாப்புத் துறைக்குப் போச்சு. விவாகரத்து வாங்கப் போறேன், மகளோட வேற இடத்துக்குப் போயிடறேன்னு மரியா சொன்னாங்க. விசாரணை முடிஞ்சது. எங்க வேலையில ‘நானே பார்த்துக்கிறேன்’னு யூசர் சொன்னதும் டிக்கெட்டை மூடுவோம் இல்லையா, அந்த மாதிரி. அங்க சரியாகாம இருந்தது ஒரு பிரிண்டர் இல்லை.

ஏன் உடனே கிளம்பலைன்னு மரியாவைக் கேட்கிறது சுலபம். பனோரமா சிட்டியில ஒரு அபார்ட்மென்ட் வாடகைக்கு எடுத்து, பகல் நேரத்துல மகளோட அங்க இருந்தாங்க. ஆனா அந்த வீட்டை விட்டுட்டுப் போக மனசு வரலை. புலம்பெயர்ந்து வந்தவங்களுக்கு சொந்த வீடுன்னா என்னன்னு நமக்குப் புரியாததா?

எனக்கு உறுத்துறது வேற. குழந்தை நடிகர்களோட பணத்துக்காக கலிஃபோர்னியாவில் 1939-லயே சட்டம் வந்தாச்சு. செட்டுல எத்தனை மணி நேரம் வேலை பார்க்கலாம்னு கணக்கு உண்டு. பாடமும் நடத்தி, பிள்ளையோட நலனையும் பார்த்துக்க ஒரு டீச்சர் கூடவே இருக்கணும். ஷூட்டிங் முடிஞ்சு வீட்டுக்குப் போற கார்ல ஏறினதும் அந்தக் கண்காணிப்பு முடிஞ்சிடும். ஜூடித்துக்கு செட்தான் பாதுகாப்பான இடமா இருந்திருக்கும்.

ஜூலை 25, 1988. தூங்கிட்டிருந்த ஜூடித்தையும், பிறகு மரியாவையும் யோஷெஃப் சுட்டார். ரெண்டு நாள் அந்த வீட்டுலயே இருந்துட்டு, உடல்களுக்குத் தீ வெச்சு, கராஜில் தன்னையும் சுட்டுக்கிட்டார்.

1989 நவம்பர்ல அவளோட கடைசிப் படம் ‘ஆல் டாக்ஸ் கோ டு ஹெவன்’ வந்தது. அதுல அவள் ஆன்-மேரி, பெற்றோர் இல்லாத சிறுமி. பேச்சு முழுக்க ஜூடித், பாட்டு மட்டும் வேற ஒருத்தர் குரல். இந்த வாரம் ஹெட்ஃபோன்ல திரும்பப் பார்த்தேன். அந்தக் குரல்ல எங்கயாவது பயம் தெரியுதான்னு தேடினேன். அவ்வளவு நல்ல நடிகை அவள், ஒரு இடத்துலகூடத் தெரியலை.

அம்மாவும் மகளும் ஹாலிவுட் ஹில்ஸில் உள்ள ஃபாரஸ்ட் லான் கல்லறையில் இருக்காங்க. 2004 வரைக்கும் அங்க பேர்க்கல் கிடையாது. ரசிகர்கள் காசு சேர்த்து வெச்சாங்க. ஜூடித்தோட கல்லுல, பேருக்குக் கீழே டக்கியோட ‘யெப், யெப், யெப்’ இருக்கு.