சயாம் இருப்புப்பாதையில் ஒரு பகற்பொழுது

(தசலட்சணப் பருவ நிறைவில், க்ஷமாவாணி நாளன்று ஆற்றிய உரை)

 

உத்தம க்ஷமையில் தொடங்கி உத்தம பிரமசரியத்தில் முடிந்த பத்து நாள் பருவத்தின் நிறைவாக, ஒருவரிடம் ஒருவர் பொறுத்தருள வேண்டி நிற்கும் நன்னாள் இது. இந்நாளில் பொறை பற்றிப் பேசுமாறு என்னைப் பணித்தனர். நூற்பொருளை விரித்துரைக்கவல்ல சான்றோர் இவ்வவையில் பலர் உளர். நானோ முப்பது ஆண்டுகளுக்கு மேலாக வகுப்பறையில் பொறையுடைமை அதிகாரத்தை நடத்தியவன். எத்தனையோ மாணவர்க்கு அதன் பொருளை எழுதிப்போட்டேன். எனக்கு அது ஓரளவேனும் விளங்கியது, கடல்கடந்த ஓர் ஊரில், ஓர் இருப்புப்பாதையின் அருகில்தான். அந்த ஒரு பகற்பொழுதைப் பற்றிப் பேச விழைகிறேன்.

முதலில் நம் இராயபுரத்திலிருந்து தொடங்க வேண்டும். நான் சிறுவனாக இருந்தபோது எங்கள் தெருக்கோடியில் ஒரு மூதாட்டி வாழ்ந்தார். தெருவே அவரை ஆயா என்றழைத்தது. அவருடைய கணவர் 1930-களின் பிற்பகுதியில், நம் சென்னைத் துறைமுகத்தில் கப்பலேறி மலாயாவின் இரப்பர்த் தோட்ட வேலைக்குச் சென்றவர். போர் மூண்டதும் கடிதம் நின்றது. போர் முடிந்தபின் ‘ரஜூலா’ கப்பலில் திரும்பி வந்த தோட்டத்துத் தோழர் ஒருவர், “சயாம் ரயில் வேலைக்குப் பிடித்துப் போனார்கள், அதன்பிறகு நான் பார்க்கவில்லை” என்று மட்டும் சொல்லிச் சென்றாராம். இறந்தார் என்று எவரும் சொல்லவில்லை. ஆகவே ஆயா பூவையும் பொட்டையும் நீக்கவில்லை. திதி கொடுக்க நாளும் தெரியாது. மனைவியென்றும் கைம்பெண்ணென்றும் சொல்லவியலாத நிலையில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் அவர் வாழ்ந்தார்.

அவருக்குக் கடிதம் எழுதிக்கொடுப்பவன் நான். மாதம் ஒரு கடிதம், பேராக்கிலுள்ள அந்தப் பழைய தோட்ட முகவரிக்கு. கூலியாக ஒரு கமர்கட்டு கிடைக்கும். பத்தாம் வகுப்புத் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்த ஒரு நாள் அவர் வந்து நின்றார். “செத்துப்போனவருக்கு எதற்கு ஆயா கடிதம்?” என்று சொல்லிவிட்டேன். அவர் ஒன்றும் பேசவில்லை. மீண்டும் என்னைக் கடிதம் எழுதக் கேட்கவும் இல்லை. இரண்டாண்டில் அவர் காலமானார். நான் பொறுத்தருள வேண்டவில்லை. வேண்ட வேண்டும் என்றுகூட அப்போது எனக்குத் தோன்றவில்லை.

பணி ஓய்வுக்குப்பின், பாங்காக்கில் பணிபுரியும் என் மைத்துனர் மகன் வீட்டில் சில நாள் தங்க நேர்ந்தது. அங்கிருந்து காஞ்சனபுரி செல்லலாம் என்றறிந்ததும் ஆயாவின் நினைவே வந்தது. சுற்றுலா நிறுவனத்தார் கேட்ட தொகை ஓய்வூதியக்காரனுக்கு ஒத்துவரவில்லை. அன்றியும் யானைச் சவாரியையும் அருவிக் குளியலையும் அதே நாளில் சேர்த்து வைத்திருந்தனர். எனவே தனியே சென்றேன். செல்ல விரும்பும் நம்மவர்க்குப் பயன்படும் என்பதால் வழியையும் சொல்லிவிடுகிறேன். பாங்காக்கின் தோன்புரி நிலையத்திலிருந்து காலை எட்டு மணிக்குச் சற்று முன்னர்ச் சாதாரண வண்டி ஒன்று புறப்படுகிறது. வெளிநாட்டவர்க்குக் கட்டணம் ஒருவழிக்கு 100 பாத். குளிர்பதன வசதி இல்லை. மூன்று மணி நேரத்திற்குள் காஞ்சனபுரியை அடையலாம். பிற்பகல் வண்டியில் திரும்பிவிடலாம். உணவைப் பொறுத்தவரை, நம் நெறிக்கு ஏற்றது அங்கே கிடைத்தல் அரிது. இட்லியும் மிளகாய்ப்பொடியும் வடிகட்டிய நீரும் கையிலிருந்தால் போதும். பொழுது சாய்வதற்குள் உண்பதற்கும் தடையில்லை.

அந்தப் பாதையின் வரலாற்றைச் சுருங்கச் சொல்கிறேன். 1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் ஜப்பானியர் வசமாயிற்று. பர்மாவிலிருந்த தம் படைக்குத் தரைவழியே பொருள் அனுப்ப, சயாமையும் பர்மாவையும் இணைக்கும் 415 கிலோமீட்டர் இருப்புப்பாதையை அமைக்க அவர்கள் முனைந்தனர். மலையும் காடும் மழையும் நிறைந்த வழி அது. பணி 1942-இல் தொடங்கி 1943 அக்டோபர் 17 அன்று முடிந்தது. ஆங்கிலேயர், ஆஸ்திரேலியர், டச்சுக்காரர் உள்ளிட்ட போர்க்கைதிகள் 60,000-க்கும் மேற்பட்டோர் அங்கு உழைத்தனர். அவருள் 12,000-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். ஆனால் கைதிகளைவிடப் பன்மடங்கு பெரிய கூட்டம் ஒன்று இருந்தது. தமிழர், பர்மியர், சாவகத்தார், மலாய்க்காரர், சீனர் என ஏறத்தாழ இரண்டு லட்சம் ஆசியத் தொழிலாளர் அவர்கள். அவருள் மாண்டோர் ஏறத்தாழ 90,000 என்று மதிப்பிடுவர். மலாயாவிலிருந்து மட்டும் எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டோர் கொண்டு செல்லப்பட்டனர். அவருள் பெரும்பாலோர் தோட்டத்துத் தமிழர்.

போரினால் இரப்பர் ஏற்றுமதி நின்று தோட்டங்கள் முடங்கியிருந்த காலம். நல்ல கூலி, சில மாத வேலை என்று சொல்லி முதலில் ஆள் சேர்த்தனர். உண்மை வெளிப்பட்டபின் எவரும் வரவில்லை. பிறகு வலிந்து பிடித்தனர். இலவசத் திரைப்படம் என்று அழைத்து, கூடியவரை அப்படியே ஏற்றிச் சென்றதும் உண்டு. படைக்கைதிகளிடையே மருத்துவர் இருந்தனர், அதிகாரிகள் இருந்தனர், கொதிக்கவைத்த நீரையே குடிக்க வேண்டும் என்னும் கட்டுப்பாடு இருந்தது. நம்மவர்க்கு இவற்றுள் ஒன்றும் இல்லை. 1943-இன் மழைக்காலத்தில் காலரா பரவியபோது முகாம் முகாமாக மாண்டனர்.

காஞ்சனபுரி நிலையத்திலிருந்து நடக்கும் தொலைவிலேயே போர்க் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. ஏறத்தாழ 7,000 பேர் அங்கே துயில்கின்றனர். சீராக வெட்டிய புல்வெளியில் வரிசை வரிசையாகத் தாழ்ந்த கற்கள். ஒவ்வொன்றிலும் வெண்கலத் தகடு. அதில் பெயர், படைப்பிரிவு, இறந்த நாள், வயது. சிலவற்றில் தாயோ மனைவியோ எழுதச் சொன்ன ஒரு தொடர். இருபத்திரண்டு, இருபத்து நான்கு, பத்தொன்பது என்று வயதைப் படித்துக்கொண்டே நடந்தேன். பகைவரின் கொடுமையால் மாண்ட இளைஞர். அவர்களுக்காகவும் மனம் கசிந்தது. ஆயினும் என் கண்கள் வேறொரு பெயரைத் தேடிக்கொண்டிருந்தன. அங்கே அது இருக்கவியலாது என்று அறிந்தும் தேடின.

அருகிலுள்ள தாவோன் வராராம் என்னும் பௌத்த விகாரையில் ஆசியத் தொழிலாளருக்கான நினைவிடம் உள்ளது. அங்கே பெயர்ப் பட்டியல் இல்லை. 1990-இல் அவ்வூர்க் கரும்புத் தோட்டம் ஒன்றில் நூற்றுக்கணக்கான எலும்புக்கூடுகள் ஒரே குழியிலிருந்து வெளிப்பட்டன. தொழிலாளருடையவை என்று கருதினரேயன்றி, இன்னார் என்று எவராலும் சொல்லமுடியவில்லை. அண்மையில் தாய்லாந்துத் தமிழர் முயன்று, 2023-இல் தமிழ்நாடு அரசு 10 லட்சம் ரூபாய் உதவ, நடுகல் ஒன்றை எழுப்பினர். எண்பது ஆண்டுகள் கழித்தேனும் நிகழ்ந்தது நன்று.

பாலத்தினருகே வேறொரு தூண் நிற்கிறது. 1944-இல் ஜப்பானியரே, மாண்டவர்க்காக எழுப்பியது. அதைச் சுற்றிய சுவர்களில் பல மொழிகளில் கல்வெட்டுகள் உள்ளன. அவற்றுள் தமிழும் ஒன்று. அவ்வெழுத்துகளைக் கண்டதும் நெடுநேரம் அங்கேயே நின்றேன். கொன்றவர் தம் மொழியில் எழுதுவித்த இரங்கல் எம் மக்களுக்குக் கிடைத்தது. சொந்த நாட்டார் எழுதிய ஒரு கல் கிடைக்க எண்பது ஆண்டுகள் ஆயின. பாலத்தின் மேலோ மக்கள் கூட்டம் கூட்டமாகப் படம் எடுத்துக்கொண்டிருந்தனர். அவர்களைக் குறை சொல்ல மனம் வரவில்லை. அந்தப் பாலத்தைப் பற்றி உலகறிந்த ஆங்கிலத் திரைப்படம் 1957-இல் வந்தது. இலங்கையில் கித்துள்கலவில் படமாக்கினர். அதன் கதை போர்க்கைதிகளின் கதை. தமிழ்த் தொழிலாளர் அதில் இல்லை. காட்டாததை மக்கள் எவ்வாறு அறிவர்?

இனி, பொறைக்கு வருகிறேன். அப்பாலத்தோடு இருவர் பெயர் பிணைந்துள்ளன. ஒருவர் எரிக் லோமாக்ஸ் என்னும் பிரிட்டானியப் படை அதிகாரி. மறைவாக வானொலி வைத்திருந்த குற்றத்திற்காகக் காஞ்சனபுரியில் கொடிய வதைக்கு உள்ளானவர். மற்றவர் நகாசே தகாஷி. அவ்விசாரணையில் மொழிபெயர்த்த ஜப்பானியர். போர் முடிந்ததும் நகாசே, மாண்ட படைவீரர் புதைகுழிகளைத் தேடிச்சென்ற குழுவுடன் அப்பாதை நெடுகச் சென்றார். அங்குக் கண்டவை அவரை வாழ்நாள் முழுதும் உறங்கவிடவில்லை. மீண்டும் மீண்டும் காஞ்சனபுரிக்கு வந்தார். கழுவாயாக அங்கே வழிபாட்டிடம் ஒன்றும் அமைத்தார். 1993-இல் இருவரும் அப்பாலத்தருகே சந்தித்தனர். நகாசே பொறுத்தருள வேண்டினார். ஐம்பதாண்டு வெறுப்பைச் சுமந்திருந்த லோமாக்ஸ் பொறுத்தார். பின்னர் எழுத்திலும் அதைத் தந்தார்.

இதைச் சொல்லி முடித்துவிட்டால் உரை இனிதாக நிறைவுறும். ஆனால் அங்கே என் உள்ளத்தில் எழுந்த வினாவை மறைத்தல் பொய்யாகும். லோமாக்ஸ் பொறுத்தார், வதைபட்டவர் அவர், ஆதலால் அவருக்கு அந்த உரிமை உண்டு. தொண்ணூறாயிரம் பேர் சார்பில் பொறுப்பவர் யார்? ஆயாவின் சார்பில் பொறுக்க நான் யார்? பிறர் பட்ட துன்பத்தை நான் மன்னித்துவிட்டேன் என்பது பொறையாகாது. அவர்கள் உடைமையை நான் தானம் செய்வது போன்றது.

அப்படியாயின் எனக்குரியது எது? நம் அறநூலோர் வினையை மூவகையாகப் பகுத்தனர்: தான் செய்தல், பிறரைச் செய்வித்தல், செய்ததற்கு உடன்படல். மனம், மொழி, மெய் என்னும் மூன்றாலும் இவை நிகழும். அப்பாதையை அமைத்த கொடுமையில் எனக்குப் பங்கில்லை. ஆனால் அம்மக்களை மறந்த குற்றத்திற்கு நாம் அனைவரும் உடன்பட்டோம். மொழியால் செய்த குற்றம் ஒன்று தனியே என்னிடம் உண்டு. “செத்துப்போனவருக்கு எதற்குக் கடிதம்” என்றேனே, அது. ஆகவே அங்கே நான் செய்யக்கூடியது பொறுத்தல் அன்று, பொறுத்தருள வேண்டுதலே.

வேண்டுதலுக்கு முதற்படி பெயர். ஐரோப்பாவில் நாஜிகள் யூத மக்கள் 60 லட்சம் பேரைக் கொன்றனர். எருசலேமிலுள்ள அவர்தம் நினைவிடத்தின் பெயர் ‘யாத் வஷேம்’. ‘நினைவுச்சின்னமும் பெயரும்’ என்பது அதன் பொருள். உறவினரும் அண்டைவீட்டாரும் நிரப்பித்தரும் படிவங்களையும் துணையாகக் கொண்டு 45 லட்சத்துக்கும் மேற்பட்ட பெயர்களை அவர்கள் திரட்டியுள்ளனர். இது நமக்குப் புதிதன்று. செஞ்சிக்கு அருகில் திருநாதர்குன்றத்தில், இருபத்து நான்கு தீர்த்தங்கரர் திருவுருவங்களின் பக்கத்தில் உள்ள நிசீதிகைக் கல்வெட்டை நீங்கள் அறிவீர்கள். ஐம்பத்தேழு நாள் உண்ணாநோன்பிருந்து உடல் நீத்த சந்திரநந்தி ஆசிரியரின் பெயரும் நோன்பின் நாட்கணக்கும் அதில் உள்ளன. தாமே விரும்பி உடல் துறந்த ஒருவருக்கு நம் முன்னோர் பெயரும் கணக்கும் பொறித்தனர். விரும்பாமல் உடல் பறிக்கப்பட்ட தொண்ணூறாயிரவர்க்கு அவை இல்லை.

ஆகவே ஒரு வேண்டுகோள். இராயபுரம், திருவொற்றியூர், எண்ணூர்ப் பகுதிகளில் வாழும் நாம், கடல் கொண்டுசென்றவர் பலரின் அண்டைவீட்டார். நம் வீட்டிலோ, பக்கத்து வீட்டிலோ, வேலைக்கு வரும் அம்மையாரின் குடும்பத்திலோ, மலாயா சென்று திரும்பாதவர் இருந்தால் பெயரைக் கேட்டு எழுதிவையுங்கள். ஊர், தோட்டம், கப்பலேறிய ஆண்டு, கடைசிக் கடிதத்தின் நாள், எது கிடைத்தாலும் போதும். அவர் எந்தச் சமயத்தவர் என்று பார்க்க வேண்டா. உயிர் அனைத்திடமும் பொறுத்தருள வேண்டும் நாள் இது. அடுத்த ஆண்டு மலரில் அப்பெயர்களுக்கென ஒரு பக்கம் ஒதுக்குமாறு அறங்காவலரைப் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

திரும்பும் வண்டியில், கதிர் மறையுமுன் எஞ்சிய இட்லியை உண்டேன். பிறகு கைப்பையிலிருந்த தாளை எடுத்து, ஏறத்தாழ ஐம்பதாண்டுகளுக்குப் பிறகு, பேராக்கின் அந்தப் பழைய தோட்ட முகவரியை எழுதினேன். மறந்திருப்பேன் என்று நினைத்தேன். ஒரு சொல்லும் மறக்கவில்லை. கீழே, ஆயா வழக்கமாகச் சொல்லச் சொல்ல எழுதும் முதல் வரியை எழுதினேன். நலம், நலமறிய ஆவல். அதற்குமேல் எழுத இயலவில்லை.

அந்த மூதாட்டியிடம் அன்று வேண்டத் தவறியதை இவ்வவையின்முன் இன்று வேண்டுகிறேன். ஆயா, பொறுத்தருள வேண்டும். என் சொல்லாலும் செயலாலும் உங்களுள் எவர்க்கேனும் துன்பம் நேர்ந்திருப்பின் நீங்களும் பொறுத்தருள வேண்டும்.

ஜெய் ஜினேந்திரா.