கப்பலில் வந்த தாய்மாரும் விமானத்தில் வந்த சகோதரிகளும்

(பொன்விழாக் கூட்டத்தில் ஆற்றிய உரை)





சங்கத்தின் ஐம்பது ஆண்டு வரலாற்றை மூத்தவர்கள் சொல்லிவிட்டார்கள். நான் ஊரிலிருந்து கல்யாணமாகி இங்கே வந்த நம் பெண்களைப் பற்றிச் சொல்கிறேன்.

நம் முன்னோர் பலர் குடும்பத்தை ஊரில் விட்டுத் தனியாகத்தான் வந்து கடை வைத்தார்கள். கடையநல்லூர்க்காரர்களில் பலர் மனைவி மக்களையும் கூட்டி வந்தார்கள். ரஜூலா போன்ற கப்பல்களில் வந்த அந்தத் தாய்மார்கள் சும்மா இருக்கவில்லை. சிங்கப்பூர் தஞ்சோங் பகாரில் மசாலா அரைத்து விற்றுக் குடும்பத்தைத் தாங்கினார்கள். மிளகாய் அரைத்த கை என்ன பாடுபட்டிருக்கும்! ஆனால் பக்கத்து வீட்டில் அதே ஊர்க்காரி இருந்தார்.

இன்று வரும் சகோதரி நான்கு மணி நேரத்தில் விமானத்தில் வந்துவிடுகிறார். பட்டதாரியாகவும் இருக்கிறார். நம் தஞ்சோங் ரம்புத்தானிலாவது கடைத்தெருவில் தமிழ் பேச ஆள் உண்டு. ஈப்போ தாமான் வீடுகளில் கதவு சாத்தியே கிடக்கும். கணவர் கடையிலிருந்து திரும்ப இரவு பத்து மணி. கிளினிக்கில் தாதி மலாயில் கேட்பது புரியாது. பிள்ளை கொண்டுவரும் பள்ளிக் கடிதமும் அப்படித்தான். ஊருக்குப் போன் செய்தால் மட்டும், "நல்லா இருக்கேம்மா."

இதைவிடப் பெரியது பாஸ் விஷயம். கணவரின் பொறுப்பில்தான் அவருக்கு நீண்டகால வருகை பாஸ். புதுப்பிக்கக் கணவரும் குடிநுழைவுத் துறைக்குப் போக வேண்டும். கடையை விட்டு வர முடியவில்லை என்று கடைசி நாள்வரை இழுப்பவர்களை நான் அறிவேன். கடை லைசென்ஸை நாம் அப்படி விடுவோமா? நிரந்தர வசிப்பிடத்துக்கு மனுச் செய்ய, முறையாகத் தங்கிய ஆண்டுகள்தான் கணக்கு. ஊரில் நடந்த நிக்காஹ்வையும் இங்கே சமய இலாகாவில் உடனே பதிந்துவிட வேண்டும். இவற்றைக் கவனிக்காமல் இருந்து, அல்லாஹ் காப்பாற்றட்டும், கணவர் திடீரென்று வஃபாத்தாகிவிட்டால் பிள்ளைகள் மலேசியர்கள், தாய் மட்டும் வெளிநாட்டவர். அந்த நேரத்தில் யார் கதவைத் தட்டுவார் அவர்?

ஆகவே மகளிர் பகுதியைக் கேட்டுக்கொள்கிறேன். புதிதாக வரும் சகோதரிக்கு முதல் வருடம் துணையாக, மலாய் தெரிந்த ஒருவரை நியமியுங்கள். பாஸ் முடியும் தேதிகளைச் செயலாளர் ஒரு புத்தகத்தில் எழுதி வைத்து, மூன்று மாதம் முன்பே கணவருக்கு நினைவூட்டட்டும். வாரம் ஒரு மலாய் வகுப்பும் வேண்டும். அதற்கு என் கடை மாடியைத் தருகிறேன். வியாழன் பிற்பகல் அது காலிதான்.